பட்டா மனு தூங்குது, மதுரையில ஆர்டர் வாங்கலாமா? வாங்குனவன் எழுதுற ரிவ்யூ

பட்டா மாறுதலுக்கு கொடுத்த மனு மாசக்கணக்கா கெடப்புல கெடக்கு, மதுரை ஐகோர்ட்ல ஒரு ரிட் போட்டு "இத்தன வாரத்துக்குள்ள முடிவெடுங்க"ன்னு ஆர்டர் வாங்குனா வேல நடக்குமா, செலவு பண்ணுததுக்கு ஒர்த்தான்னு கல்யாண வீட்டுல பாத்தாலும் கேக்காங்க, பெட்ரோல் பங்க்ல பாத்தாலும் கேக்காங்க. நான் வாங்குன ஆளு, அதனால ஒரே தடவையா எழுதிப் போட்டிருதேன், இனி கேக்குறவங்களுக்கு இத அனுப்பிட்டா எனக்கு வாய் வலிக்காது. ரேட்டிங் மொதல்லயே சொல்லிருதேன், அஞ்சுக்கு மூணரை ஸ்டார். நல்ல சர்வீஸ் தான், ஆனா நெறைய பேரு இத பட்டா வாங்கித் தர்ற சர்வீஸ்னு நெனச்சு போறாங்க, அது அப்படி கெடையாது. இது உங்க மனுவுக்கு ஒரு பதில் வாங்கித் தரும். பதில் ஆமான்னும் வரலாம், முடியாதுன்னும் வரலாம், ரெண்டுல எது வந்தாலும் கோர்ட் உத்தரவ நெறவேத்தியாச்சுன்னு ஆபீஸ்ல பைல மூடிருவாங்க.

தெரியாதவங்களுக்காக சுருக்கமா. அரசியல் சட்டம் 226-வது பிரிவுல ஐகோர்ட்டுக்கு ரிட், அதாவது அதிகாரிகளுக்கு கட்டளை, போடுற அதிகாரம் இருக்கு, அதுல ஒண்ணு மாண்டமஸ், அதாவது ஒரு அதிகாரி சட்டப்படி செய்ய வேண்டிய வேலைய செய்யாம வச்சிருந்தா "செய்யி"ன்னு கோர்ட் சொல்லுறது. நம்ம கன்னியாகுமரி மாவட்டம் மதுரை கிளைக்கு கீழ வருது. அந்த கிளை 2004 ஜூலை 24-ந் தேதி தான் தொறந்தாங்க, அதுக்கு முந்தி இந்த மாதிரி ஒரு சின்ன ஆர்டருக்கே மெட்ராஸுக்கு வண்டி ஏறணும். எங்க சித்தப்பா இன்னைக்கும் சொல்லுவாரு, அந்த காலத்துல கேஸுக்கு போன செலவுல பாதி இடத்த வாங்கிருக்கலாம்னு. இப்போ வடசேரியில பஸ் ஏறுனா மாட்டுத்தாவணி, அங்க இருந்து ஒத்தக்கடை பக்கம் கோர்ட், அவ்ளோ தான். அதுக்கும் நாம போகணும்னு கட்டாயம் இல்ல, அபிடவிட்லயும் (சத்தியப் பிரமாணத் தாள்) வக்காலத்துலயும் (வக்கீலுக்கு கொடுக்குற அதிகாரத் தாள்) நாகர்கோவில்லயே கையெழுத்து போட்டுக் கொடுத்துட்டேன், மிச்சத்த வக்கீல் பாத்துக்கிட்டாரு. சர்வீஸ்ல எனக்கு ரொம்ப புடிச்ச விஷயத்துல இது ஒண்ணு.

இப்போ என் விஷயம். தாத்தா வாங்குன ஒரு விளை (தோப்பு நிலம்), அதுல அப்பாவுக்கும் சித்தப்பாவுக்கும் பாகப்பிரிவினை ஆகி பத்திரமும் பதிஞ்சாச்சு, வில்லங்கத்துல எல்லாம் சுத்தமா வருது. ஆனா பட்டா மட்டும் இன்னும் தாத்தா பேர்ல கூட்டுப்பட்டாவா கெடக்கு. அப்பா பங்க தனியா உட்பிரிவு பண்ணி தனிப்பட்டா வேணும், இது தான் மனு. இ சேவை மையத்துல பதிஞ்சு, உட்பிரிவு கட்டணமும் கட்டியாச்சு. 2011-ல வந்த அரசாணைப்படியே உட்பிரிவு இல்லாத பட்டா மாறுதலுக்கு 15 நாள், உட்பிரிவு இருந்தா 30 நாள்னு கணக்கு. எனக்கு தென்ன மரம் ரெண்டு தடவ காய்ச்சு வெட்டியாச்சு, சர்வேயர் வரல. மொதல் மனுவ "ஆவணங்கள் தெளிவாக இல்லை"ன்னு ஒத்த வரியில தள்ளிட்டாங்க, எந்த ஆவணம், எது தெளிவா இல்லன்னு ஒண்ணும் இல்ல. திரும்ப விண்ணப்பிச்சேன், அது அப்படியே நின்னு போச்சு. எந்த தாலுகான்னு சொல்லல, ஆபீஸ் பேரும் கேக்காதீங்க, நாளைக்கு நான் அங்க தான் போகணும்.

நம்ம மாவட்டத்துல இந்த சிக்கல் கொஞ்சம் கூடுதல், அதுக்கு காரணம் உண்டு. 1956 நவம்பர் 1 வரைக்கும் நாம திருவிதாங்கூர் கொச்சியில இருந்தோம். பழைய ஆதாரம் (எங்க ஊருல பத்திரத்த அப்படி தான் சொல்லுவோம்) எல்லாம் மலையாளத்துல இருக்கும், தேதி கொல்லம் ஆண்டுல இருக்கும், சர்வே நம்பர் பழைய நம்பர். அதுக்கப்புறம் ரீசர்வே வந்து நம்பர் எல்லாம் மாறிப் போச்சு. கம்ப்யூட்டர்ல இருக்குறது ரீசர்வே நம்பர், எங்க பாகப்பிரிவினை பத்திரத்துல எழுதுன புண்ணியவான் பழைய நம்பர மட்டும் போட்டு விட்டிருக்காரு. பழைய நம்பர் தான் புது நம்பர்னு யாராவது ரிக்கார்ட பாத்து ஒத்துப் பாத்து எழுதணும், அந்த வேலைக்கு தான் யாருக்கும் கை வரல. தூத்துக்குடியில இடம் வாங்குன என் பிரண்டுக்கு இந்த தலவலியே தெரியாது, "மலையாள பத்திரமா, அது எப்படிடா செல்லும்"னு கேட்டான். செல்லும் மக்கா, நல்லாவே செல்லும், வாசிக்க ஆளு தான் வேணும்.

கோர்ட்டுக்கு போறதுக்கு முந்தி இலவச வழி எல்லாத்தையும் ஒரு தடவ பாத்தாச்சு. திங்கக்கெழமை கலெக்டர் ஆபீஸ் குறைதீர்க்கும் நாள்ல மனு, 1100-க்கு (முதல்வர் உதவி மைய நம்பர்) போன், வருஷா வருஷம் தாலுகாவுல வருவாய்க் கணக்கு பாக்குற ஜமாபந்தியில ஒரு மனு. எல்லாத்துக்கும் ரசீதும் நம்பரும் வந்துது, அதுல குறை இல்ல, ஆனா மனு சுத்தி சுத்தி கடைசியில எந்த மேசையில நின்னுச்சோ அதே மேசைக்கே வந்து சேருது. அதுக்காக இது வேஸ்ட்னு நெனச்சிராதீங்க. கோர்ட்ல கேக்குற மொத கேள்வியே "நீங்க அதிகாரிகிட்ட கேட்டீங்களா, கேட்டதுக்கு ஆதாரம் இருக்கா"ன்னு தான். அங்க இந்த ரசீது எல்லாம் காசு மாதிரி. 2015-ல ஒரு அரசாணை இருக்கு, பொதுமக்கள் கொடுக்குற குறை மனுவுக்கு மூணு நாள்ல ஒப்புகை கொடுக்கணும், ஒரு மாசத்துல முடிக்கணும்னு, அதையும் வக்கீல் அபிடவிட்ல சேத்துக்கிட்டாரு.

ஆர்.டி.ஐ (தகவல் அறியும் உரிமை மனு) போட்டது தான் உருப்படியான வேல. பத்து ரூவா கோர்ட் பீ ஸ்டாம்ப் ஒட்டி, "என் மனு எந்த தேதியில யார்கிட்ட போச்சு, இப்போ யார்கிட்ட இருக்கு, முடிவெடுக்காததுக்கு காரணம் பைல்ல என்ன எழுதியிருக்கு"ன்னு கேட்டேன். சட்டப்படி 30 நாள் டைம். பதில்ல "நிலுவையில் உள்ளது"ன்னு எழுதி கையெழுத்து போட்டு சீல் வச்சு அனுப்பிட்டாங்க. அத பாத்ததும் வக்கீல் மொகத்துல ஒரு சிரிப்பு வந்துது பாருங்க. நிலுவையில இருக்குன்னு ஆபீஸே எழுதிக் கொடுத்தாச்சே, இனி கோர்ட்ல யாரும் மனுவே வரலன்னு சொல்ல முடியாது.

மனு எழுதுறதுல தான் மொத்த கதையும் இருக்கு, இத யாரும் சொல்லித் தரமாட்டாங்க. கோர்ட் சொல்லப் போறது "இன்ன தேதியில கொடுத்த மனுவ பைசல் பண்ணு"ன்னு. அப்போ அந்த மனுவுல என்ன இருக்கோ அது தான் பைசல் ஆகும். ரெண்டு வரியில "எனக்கு பட்டா தரவும்"னு எழுதியிருந்தா, "ஆவணம் போதாது"ன்னு ரெண்டு வரியில தள்ளிட்டு போயிருவாங்க, கோர்ட் உத்தரவும் நெறவேறிரும், உங்க காசும் போயிரும். அதனால ரிட் போடுறதுக்கு முந்தி புதுசா ஒரு விரிவான மனு கொடுக்கச் சொன்னாரு வக்கீல். இடம் யார்கிட்ட இருந்து யாருக்கு எப்படி வந்துதுன்னு வரிசையா, பழைய சர்வே நம்பர், ரீசர்வே நம்பர், நாலு எல்லை, எத்தன சென்ட், ஒவ்வொண்ணுக்கும் எந்த தாள் ஆதாரம்னு. மலையாள ஆதாரத்துக்கு தமிழ் மொழிபெயர்ப்பு, வில்லங்கச் சான்று, தாத்தா இறப்புச் சான்று, வாரிசுச் சான்று, வரி ரசீது. இத தபால்ல அனுப்பி ஒப்புகையும் வச்சிக்கிட்டேன். இதுல ஒரு சின்ன தகவல், 2025-ல ரெஜிஸ்டர் போஸ்ட ஸ்பீட் போஸ்ட்டோட சேத்துட்டாங்க, போஸ்ட் ஆபீஸ்ல போயி பழைய ரெஜிஸ்டர் தபால்னு கேட்டு நின்னுக்கிட்டு இருக்காதீங்க, டெலிவரி ஆனதுக்கு அத்தாட்சி வேணும்னு சொல்லி ஸ்பீட் போஸ்ட்ல போடுங்க.

மலையாள ஆதாரத்த வாசிக்க பழைய பத்திர எழுத்தர் ஒருத்தர தேடிப் புடிச்சோம், கண்ணுக்கு கண்ணாடி மேல இன்னொரு லென்ஸ் வச்சு பாக்குற மனுஷன். தாள் மடிப்புல எல்லாம் கிழிஞ்சு செல்லோடேப் ஒட்டியிருக்கு, அந்த டேப்பும் மஞ்சளாயி எழுத்த மறைக்குது. அவரு வெரல வச்சு வச்சு வாசிச்சுட்டு, "மக்கா, இது ஆயிரத்து நூத்தி பதினெட்டுல எழுதுனது, சிங்கம் மாசம்"னாரு. எண்ணூத்தி இருவத்தி நாலு கூட்டுனா 1942, ஆவணி மாச வாக்குல. அதுல தெக்கு எல்லைக்கு "நடப்பு முடுக்கு"ன்னு, அதாவது நடந்து போற சந்துன்னு, ஒரு சொல்லு இருந்துது. அத நாங்க யாரும் அது வரைக்கும் கவனிக்கல, பின்னால அது தான் பெரிய விஷயமாச்சு.

கோர்ட்ல நடந்தத பத்தி சொல்ல பெருசா ஒண்ணும் இல்ல. கேஸ் பைல் ஆயி டபிள்யூ.பி. (ரிட் பெட்டிஷன்) போட்டு அடைப்புக்குள்ள எம்.டி.ன்னு மதுரைக்கான நம்பர் விழுந்துது, ஐகோர்ட் வெப்சைட்ல நம்பர் போட்டா எந்த தேதி, எந்த கோர்ட் ஹால், எத்தனாவது ஐட்டம்னு எல்லாம் தெரியுது. லிஸ்ட்ல வந்த அன்னைக்கு அரசு வக்கீல் நோட்டீஸ் வாங்கிக்கிட்டாரு, "மனு நிலுவையில இருந்தா பரிசீலிப்பாங்க"ன்னு சொன்னாரு, ஜட்ஜ் அட்மிஷன் லெவல்லயே, அதாவது கேஸ எடுத்துக்கிடலாமான்னு பாக்குற மொத கட்டத்துலயே, முடிச்சுட்டாரு. தாசில்தார் எட்டு வாரத்துக்குள்ள மனுவ தகுதி அடிப்படையில, சட்டப்படி, எனக்கும் சம்பந்தப்பட்ட மத்தவங்களுக்கும் வாய்ப்பு கொடுத்து விசாரிச்சு உத்தரவு போடணும், மனு சரியா தப்பான்னு கோர்ட் கருத்து எதுவும் சொல்லல, இவ்ளோ தான் ஆர்டர். கலெக்டர், ஆர்.டி.ஓ (வருவாய் கோட்டாட்சியர்), தாசில்தார் மூணு பேரையும் எதிர்மனுதாரரா சேத்திருந்தோம். வேகத்துக்கு முழு மார்க். வருஷக்கணக்கா கேஸ் இழுக்கும்னு பயந்து போகாம இருக்குறவங்க இந்த ஒரு பயத்த விட்டிரலாம், அதுக்குன்னு எல்லா கேஸும் மொத நாள்லயே முடியும்னும் இல்ல, எதிர்ல தனி ஆளு யாராவது பார்ட்டியா இருந்தா அவருக்கு நோட்டீஸ் போகணும், அப்போ இழுக்கும்.

ஆர்டர்ல எல்லாரும் விட்டிருற ஒரு இடம் இருக்கு. எட்டு வாரங்குறது ஜட்ஜ் சொன்ன நாள்ல இருந்து கெடையாது, ஆர்டர் நகல் அந்த ஆபீஸுக்கு கெடச்ச நாள்ல இருந்து. கோர்ட்ல இருந்து தானா போயிரும்னு வீட்டுல உக்காந்தா கடிகாரமே ஓட ஆரம்பிக்காது. வெப்சைட்ல வர்ற காப்பிய மொதல்ல பாத்துக்கலாம், ஆனா சர்டிபைடு காப்பி வாங்கி, ஒரு கவரிங் லெட்டர் வச்சு, பழைய மனு நகலும் அதே ஆவணக் கட்டு இன்னொரு செட்டும் சேத்து நேர்ல கொடுத்து தபால் பிரிவுல சீல் வாங்கணும். நான் கொடுக்கும்போது செக்‌ஷன்ல இருந்த அம்மா பாத்துட்டு "ஐகோர்ட்டா"ன்னு கேட்டு வேற ஒரு ரிஜிஸ்டர எடுத்தாவ. கோர்ட் உத்தரவுக்குன்னு தனியா ரிஜிஸ்டர் இருக்கு, அதுல கடைசி தேதிக்கு ஒரு கட்டம் இருக்கு. அந்த கட்டத்துல செவப்பு மையில தேதிய எழுதுனாவ. இத்தன நாளும் நான் கொடுத்த எந்த மனுவுக்கும் யாரும் கடைசி தேதின்னு ஒண்ண எழுதி நான் பாத்ததில்ல. நம்ம காசு போனது அந்த செவப்பு தேதிக்கு தான்.

அதுக்கப்புறம் வேல நடந்துச்சு, அத மறைக்கக் கூடாது. விசாரணைக்கு வரச்சொல்லி எனக்கும், சித்தப்பாவுக்கும், பக்கத்து விளைக்காரருக்கும் நோட்டீஸ் வந்துது. பக்கத்து விளைக்காரர எதுக்கு கூப்புடுதாங்கன்னு அப்பாவுக்கு கோவம். ஆனா கூப்புடணும், கூப்புடாம உத்தரவு போட்டா அவரு மேல போயி அத ரத்து பண்ணிருவாரு, அதுவும் நமக்கு தான் நட்டம்.

சர்வேயர் வந்த நாள் தான் உண்மையான தீர்ப்பு நாள்னு சொல்லலாம். புல வரைபடத்த விரிச்சு வச்சுக்கிட்டு மொதல்ல கேட்டது "கல்லு எங்க". வடமேக்கு மூலைக் கல்லு இருந்துது, தெங்கெழக்கு மூலைக் கல்ல காணல. பலா மூட்டுல இருந்துதுன்னு அப்பா சொல்லுதாரு, பலா மூடே இப்போ இல்ல, வெட்டி கதவு செஞ்சாச்சு. மம்பட்டிய வச்சு தோண்டித் தோண்டி கடைசியில வேருக்குள்ள சிக்கி சாஞ்சு கெடந்த கல்ல எடுத்தோம். அதுல இருந்து அளந்தா பத்திரத்துல 17 சென்ட், தரையில 16 சென்ட்டும் கொஞ்சமும் தான் வருது. மிச்சம் எங்கன்னு பாத்தா அந்த தெக்கு முடுக்கு. அடுத்த விளைக்காரரு ஆண்டாண்டா அதுல நடக்காரு, "இது பாதை, ஒங்க இடம் இல்ல"ன்னாரு, நாங்க "இடம் எங்களுது, நடந்துக்கிடுங்க"ன்னோம். சர்வேயர் ரெண்டு பேரையும் ஒரு பார்வ பாத்துட்டு "இத நான் தீக்க முடியாது, இருக்கத இருக்கபடி எழுதிருதேன் அண்ணாச்சி"ன்னு சொல்லிட்டாரு. நேர்மையான மனுஷன், சாயா கொடுத்தா கூட வேண்டாம்னுட்டாரு.

தாசில்தார் உத்தரவு ரெண்டு பக்கம் வந்துது. பழைய நம்பருக்கு இன்ன ரீசர்வே நம்பர்னு ஒத்துப் பாத்தாச்சு, அப்பா அனுபவத்துல இருக்குற பாகத்துக்கு உட்பிரிவு பண்ணி தனிப்பட்டா, முடுக்கு விஷயத்துல உரிமைப் பிரச்சன இருக்குறதால உரிமையியல் கோர்ட்ல தீத்துக்கிடுங்க. எனக்கு இது போதும்னு தோணுச்சு, அப்பாவுக்கு தோணல, அது எங்க வீட்டு விஷயம். சட்டத்துல பாத்தாலும் அவரு சொன்னது சரி தான். பட்டா கொடுக்குற அதிகாரி யாரு ஓனர்னு தீர்ப்பு சொல்ல முடியாது, பட்டாங்குறது வருவாய்க் கணக்குல இருக்குற பதிவு, உரிமைக்கு சண்ட வந்தா அது சிவில் கோர்ட் வேல. ரிட் போட்டதால அந்த எல்ல மாறிறாது.

இப்போ ஒண்ணரை ஸ்டார் ஏன் போச்சுன்னு. ஒரு ஸ்டார், ஆரம்பத்துல சொன்ன அதே விஷயத்துக்கு. எங்க அத்தை மகன் என்னையப் பாத்து அவனும் ரிட் போட்டான், அவனுக்கும் இதே மாதிரி ஆர்டர் வந்துது, தாலுகாவுல விசாரிச்சு "கேக்குற இடம் ஓடை புறம்போக்கு, பட்டா வழங்க இயலாது"ன்னு உத்தரவு போட்டுட்டாங்க. ஜெயிச்சுட்டு தோத்துட்டேன்னு என்கிட்ட வந்து சண்ட போட்டான். நான் அவன்கிட்ட சொன்னது, உங்கிட்ட இப்போ காரணம் எழுதுன ஒரு உத்தரவு இருக்கு, முந்தி அது கூட இல்ல. 1983 பட்டா பாஸ்புக் சட்டப்படி தாசில்தார் உத்தரவு மேல ஆர்.டி.ஓ கிட்ட அப்பீல் போலாம், நாகர்கோவில் கோட்டம்னா அங்க, பத்மநாபபுரம் கோட்டம்னா அங்க, அதுலயும் சரியில்லன்னா டி.ஆர்.ஓ (மாவட்ட வருவாய் அலுவலர்) கிட்ட சீராய்வு. பதிலே வராத மனு மேல எங்க போயி அப்பீல் போடுவ? அதுக்கு அவன் ஒண்ணும் சொல்லல, ஆனா கோவம் போன மாதிரியும் தெரியல. புறம்போக்குன்னு எழுதியிருக்குற எடத்துல அப்பீல்ல போனாலும் லேசுல நடக்காதுங்குறதும் உண்மை, அத அவன்கிட்ட மொதல்லயே யாராவது சொல்லியிருக்கணும்.

சுப்ரீம் கோர்ட்டே இந்த மாதிரி ஆர்டர் மேல கேள்வி எழுப்பியிருக்கு, வக்கீல் காட்டித் தந்து வாசிச்சேன். 2008-ல சி.ஜேக்கப் வழக்குல, பல வருஷம் முந்தி போன வேலைக்கு ஒருத்தர் லேட்டா மனு கொடுத்து, "பரிசீலிங்க"ன்னு ஒரு ஆர்டர் வாங்கி, அந்த பரிசீலனையில வந்த பதில வச்சு மொத்த கேஸையும் புதுசா தொறக்கப் பாத்தாரு. செத்துப் போன கோரிக்கைக்கு ஒரு பதில் கெடச்சதால உயிர் வந்திராதுன்னு கோர்ட் சொல்லிருச்சு. அது வேல சம்பந்தப்பட்ட கேஸ் தான், இருந்தாலும் முப்பது வருஷம் சும்மா இருந்துட்டு இப்போ திடீர்னு மனு கொடுத்து ரிட் போடலாம்னு நெனக்குறவங்க இத மனசுல வச்சிக்கிடணும். இன்னொரு பக்கம், யாரு சரின்னு பாக்காமலே கோர்ட் நேரம் எல்லாம் இப்படி "முடிவெடு"ன்னு சொல்லுறதுலயே போகுதேன்னு எனக்கே தோணும். 30 நாள்ல செய்ய வேண்டியத செய்யச் சொல்ல ஒரு ஐகோர்ட் ஜட்ஜ் வேணுமா? வேண்டியிருக்கே, என்ன செய்ய.

மிச்ச அரை ஸ்டார், எட்டு வாரம் தாண்டுனா என்னங்குறதுக்கு. தாண்டுன மறுநாளே ஒண்ணும் நடக்காது. ஆள் பத்தாக்குற, எலக்‌ஷன் வேல, சர்வேயர் மாறிட்டாருன்னு சொல்லி ஆபீஸ்ல இருந்து டைம் நீட்டிச்சுக் கேக்கலாம். அதுவும் இல்லன்னா கோர்ட் அவமதிப்பு (கண்டெம்ட்) மனு, அதுக்கு தனி செலவு, அதுக்கும் 1971 சட்டத்துல ஒரு வருஷ கெடு இருக்கு, வருஷம் போயிருச்சுன்னா கத முடிஞ்சுது. எனக்கு அது வர போகல, கெடு முடியுறதுக்கு கொஞ்சம் முந்தி உத்தரவு வந்துருச்சு. எங்க தெருவுல ஒருத்தருக்கு போச்சு, ஆனா கண்டெம்ட் நம்பர் ஆகுறதுக்கு முந்தியே, வக்கீல் நோட்டீஸ் கெடச்ச கையோட உத்தரவு தபால்ல வந்துது. நடுவுல தாசில்தார் மாறிட்டா பயப்படாதீங்க, புதுசா வந்தவருக்கு இன்னொரு காப்பி கொடுத்து சீல் வாங்கிருங்க, கண்டிப்பா கொடுங்க, இல்லன்னா எனக்கு தெரியாதேம்பாரு.

யாருக்கு இது சரிப்படாதுன்னும் சொல்லிருதேன். ஏற்கனவே மனுவ காரணம் எழுதி தள்ளுபடி பண்ணியாச்சுன்னா, அப்பீல் வழி இருக்கும்போது நேரா ஐகோர்ட்டுக்கு போனா "அங்க போயிட்டு வா"ன்னு சொல்ல வாய்ப்பு ரொம்ப. அண்ணன் தம்பிக்குள்ள பாகம் தகராறு, அதுக்கு சிவில் கேஸ் ஓடுதுன்னா அதுக்கு முந்தி தாசில்தார் ஒண்ணும் பண்ணமாட்டாரு. மலையோரத்துல ரப்பர் எடம் வச்சிருந்து அது தனியார் காடுங்குற கணக்குல விழுந்திருந்தா 1949 தனியார் காடுகள் பாதுகாப்பு சட்டம் வரும், அங்க தாசில்தார் மட்டும் முடிவெடுக்க முடியாது, யாரு முடிவெடுக்கணுமோ அவங்கள பார்ட்டியா சேக்காம ஆர்டர் வாங்குனா அது அலங்காரத்துக்கு தான். கோயில் நிலம், ஸ்ரீபண்டாரவகைன்னு (பத்மநாபசுவாமி கோயில் நிலம்) ரிக்கார்ட்ல வர்ற எடமும் அப்படித்தான், ஸ்ரீபண்டாரவகைக்கு 1964-லயே தனி சட்டம் இருக்கு, அத தெரிஞ்ச வக்கீல்கிட்ட மொதல்ல பைல காட்டுங்க.

செலவு எவ்ளோன்னு தான் எல்லாரும் கடைசியா கேக்காங்க. கோர்ட் கட்டணம் பெருசு இல்ல, வக்கீல் பீஸ் தான் பீஸ், அது ஆளுக்கு ஆளு மாறும், நான் கொடுத்தத சொன்னா கொறச்சு கொடுத்தவன் சிரிப்பான் கூட கொடுத்தவன் அழுவான். பேசும்போது ஒண்ணு மட்டும் தெளிவா கேட்டுக்கிடுங்க, ஆர்டர் காப்பி வாங்கித் தர்றது வரைக்குமா, இல்ல தாலுகா விசாரணைக்கும் சேத்தா, கண்டெம்ட் போட வேண்டி வந்தா அது தனியான்னு. "பட்டா வாங்கித் தந்துருதேன்"னு யாராவது கேரண்டி கொடுத்தா அந்த படி எறங்கி வந்துருங்க. சொத்து பொம்பளைங்க பேர்ல இருந்தா வருமானம் எவ்ளோன்னு பாக்காமலே இலவச சட்ட உதவி உண்டு, எஸ்.சி., எஸ்.டி., மாற்றுத்திறனாளிகளுக்கும் அப்படித்தான், 1987 சட்டத்துல இருக்கு. நாகர்கோவில் கோர்ட் வளாகத்துல மாவட்ட சட்டப்பணிகள் ஆணைக்குழுவுல கேட்டாலே மதுரை கிளைக்கு எப்படி போறதுன்னு சொல்லித் தருவாங்க. எங்க தெருவுல ஒரு அக்கா அப்படி தான் ஒரு பைசா செலவில்லாம போட்டாவ, ஆர்டரும் என்னோடத போலவே தான் வந்துது, வார்த்தைக்கு வார்த்தை.

என் வக்கீல் பேரு கேட்டு இன்பாக்ஸ்ல வராதீங்க, கொடுக்க மாட்டேன். ஆர்.டி.ஐ மாதிரி, விரிவான மனு மாதிரி வேணும்னா கேளுங்க, என் பேரு, சர்வே நம்பர் எல்லாம் எடுத்துட்டு தாறேன், உங்க விவரத்த போட்டு எழுதிக்கிடுங்க.